ஏழாவது சந்திப்பு

ஜனவரி 8, திங்கள்

சௌந்தரா, இந்த அகால நேரத்தில் எழுத உட்கார்ந்ததற்கு மன்னித்துக்கொள். எழுத்து கோணலாக ஓடினால் அது தூக்கக் கலக்கம். வாக்கியம் பாதியில் நின்றால் எழில் இருமி விழித்துக்கொண்டாள் என்று எடுத்துக்கொள். நம் நோட்டு உன்னிடமிருந்து தபாலில் வந்து மூன்று வாரம் ஆகிறது. விடுதியில் ஒரே அறையில் இருந்துகொண்டே இந்த நோட்டில்தான் சண்டை போட்டோம், இதில்தான் சமாதானம் ஆனோம். இந்த முறை என் பங்கு தாமதமாகிவிட்டது. இனி நாள்தவறாமல் கொஞ்சமாவது எழுதி, அடுத்த மாதம் அனுப்பிவிடுகிறேன்.

பள்ளி ஆண்டு விழாவுக்குச் சோழர் காலத்து நாடகம் ஒன்று வேண்டும் என்று தலைமையாசிரியை ஜெசிந்தா மேடம் என் தலையில் கட்டிவிட்டார். வரலாறு எம்.ஏ. படித்தவள் பள்ளியில் நான் ஒருத்திதான். ராஜா, சிம்மாசனம், அட்டைக் கத்தி எல்லாம் வேண்டாம், ஒரு தெருவை மட்டும் வைக்கிறேன், எதிரெதிரே வருகிறவர்கள் பேசிக்கொள்ளட்டும் என்றேன்.

"செலவு குறைச்சல்தானே? செய்யுங்க" என்றார்.

என்ன பேசிக்கொள்வார்கள் என்பதுதான் சிக்கல். கல்வெட்டில் நிலம் இருக்கிறது, கோயில் விளக்கு இருக்கிறது, விளக்குக்கு விட்ட ஆடு இருக்கிறது. காலையில் பக்கத்து வீட்டுக்காரியைப் பார்த்ததும் என்ன சொன்னார்கள் என்பது இல்லை. நான் தேடிய எதிலும் தெருவில் நின்று 'வணக்கம்' சொல்லிக்கொள்ளும் இரண்டு பேர் அகப்படவில்லை. உனக்கு அகப்பட்டால் சொல்.

வீடு எப்படி என்று கேட்டிருந்தாய். வீடு நல்ல வீடு. மாடியில் இரண்டு அறை, பள்ளிக்கு மூன்று தெரு. கீழே வீட்டுக்காரர்கள். அக்ரிமெண்டு பிப்ரவரி 29-ஆம் தேதியோடு முடிகிறது. அதைப் புதுப்பிக்க வேண்டும் என்பதுதான் இப்போது எனக்கு இருக்கிற ஒரே வேண்டுதல். மூன்று வருடத்தில் இது நான்காவது வீடு. முந்தைய மூன்று வீட்டுக்காரர்களுக்கும் நாங்கள் குடியிருக்கும்போதுதான் வெளியூரிலிருந்து சொந்தக்காரர்கள் கிளம்பி வந்தார்கள். எழில் ஒன்றாம் வகுப்பு. அதற்குள் மூன்று தெருக்களின் நாய்களைப் பிரிந்து அழுதுவிட்டாள்.

வீட்டுக்கார அம்மா பெயர் கோகிலவாணி. நான் அக்கா என்பேன். இந்தக் கொங்குப் பக்கத்தில் பூனையைக்கூட 'போங்க' என்றுதான் விரட்டுவார்கள் போலிருக்கிறது, அவ்வளவு மரியாதை. இன்று துணி காயப்போடும்போது கேட்டார்.

"உங்கப்பா என்ன பண்றாருங்க டீச்சர்?"

"மாயவரம் பக்கம் அக்கா. விவசாயம்."

"எத்தனை ஏக்கருங்க?"

"ஏதோ கொஞ்சம்" என்றேன்.

ஜனவரி 10, புதன்

ஐந்தாம் வகுப்பில் கேட்டுப் பார்த்தேன். தெருவில் தெரிந்தவரைப் பார்த்தால் என்ன செய்வீர்கள்?

"ஹாய் சொல்லுவோம் மிஸ்."

"எங்கம்மா 'சாப்ட்டாச்சா'ன்னு கேப்பாங்க மிஸ். சாயங்காலம் நாலு மணிக்குக்கூட."

"எங்க பெரியப்பா ஒண்ணும் சொல்ல மாட்டாரு மிஸ். புருவத்தை மட்டும் தூக்குவாரு."

தருணேஷ் கடைசியாக எழுந்தான். கோகிலாக்காவின் ஒரே பையன் அவன். என் வகுப்பில்தான் படிக்கிறான். "எங்க தோட்டத்துப் பக்கம் அப்பா வண்டில வந்தா, எதுக்க வர்றவங்க சைக்கிளை விட்டு எறங்கிருவாங்க மிஸ். அப்பா தாண்டிப் போனப்புறம்தான் ஏறுவாங்க."

"எல்லாருமா?"

"இல்லீங் மிஸ். அந்தப் பக்கத்து ஆளுங்க மட்டும்."

"சைக்கிள் பஞ்சரானா?" என்று ஒருவன் கேட்டான்.

"லூசு, பஞ்சரானா மொதல்லயே எறங்கித்தானே தள்ளிட்டு வருவாங்க."

வகுப்பே சிரித்தது. நான் திரும்பிக் கரும்பலகையில் தேதி எழுதினேன். தேதி ஏற்கெனவே எழுதியிருந்தது.

ஜனவரி 12, வெள்ளி

எழுதி முடித்துவிட்டேன். ஒரு தெரு, ஒரு காலைப்பொழுது, ஒன்பது சந்திப்புகள். தண்ணீர் எடுக்கப் போகும் இரண்டு பெண்கள், மாமனும் மச்சானும், எண்ணெய் வாணியரும் கடன் சொல்லி வாங்குகிறவளும், இப்படி. பழைய தமிழில் எழுதினால் பிள்ளைகள் வாயில் நிற்காது, இன்றைய பேச்சில் எழுதினால் நாடகம் நிற்காது. நடுவாக ஒன்று செய்திருக்கிறேன்.

ஏழாவது சந்திப்பு ஊர்த் தலைவரும் வயலில் வேலை செய்கிறவரும். வயலாள் தூரத்திலேயே தலைவரைப் பார்த்துவிடுகிறார். தெருவை விட்டுச் சேற்றில் இறங்குகிறார். தோளில் கிடக்கும் துணியை எடுத்துக் கக்கத்தில் இடுக்குகிறார். உள்ளங்கையால் வாயைப் புதைத்துக்கொண்டு, "அடியேன், வழி விட்டேன்" என்கிறார். தலைவருக்கு வசனம் கிடையாது. நான்கைந்து எழுதிப் பார்த்தேன், எதுவும் பொருந்தவில்லை. அவர் பாட்டுக்குப் போகிறார்.

"இது வேணுமா?" என்றார் ஜெசிந்தா மேடம்.

"இது இல்லேன்னா மத்த எட்டும் பொய் மேடம்."

"எங்கேருந்து எடுத்தீங்க?"

"புத்தகத்துல இருந்து" என்றேன். வாய் புதைப்பது பழைய காவியங்களில் வருகிறது, உனக்குத் தெரியும். இதே கொங்கு நாட்டில், கம்மாளர்கள் வெளியே போகும்போது செருப்பு அணியலாம், வீட்டுக்குச் சாந்து பூசிக்கொள்ளலாம் என்று அரசன் கொடுத்த அனுமதி கல்வெட்டாகவே இருக்கிறது. செருப்புக்கே அனுமதி வேண்டியிருந்த இடத்தில் ஒதுங்காமல் எப்படி இருந்திருப்பார்கள் என்று மேடத்துக்கு விளக்கினேன். அவர் கைக்கடிகாரத்தைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

யாருக்கு எந்த வேஷம் என்று நான் கொடுத்தால் வம்பு வரும். அதனால் டிபன் பாக்ஸில் சீட்டுப் போட்டுக் குலுக்கினேன். தருணேஷுக்கு வயலாள் வந்தது. ஆடிக்கொண்டே போனான்.

ஜனவரி 18, வியாழன்

பொங்கல் முடிந்து பள்ளி திறந்தது. முதல் ஒத்திகை. தருணேஷ் பிறவி நடிகன். சேற்றில் இறங்கும்போது கால் வழுக்குகிற மாதிரி ஒரு தடுமாற்றத்தை அவனே சேர்த்துக்கொண்டான். எல்லோரும் கைதட்டினார்கள்.

குணாளன் பொங்கலுக்கு இரண்டு நாள் வந்து மகளோடு இருந்துவிட்டு ஓசூருக்குத் திரும்பிவிட்டார். கம்பெனியில் ஷிப்ட் மாற்றிவிட்டார்களாம், இனி ஆண்டு விழா முடிந்துதான் வர முடியும்.

ஜனவரி 19, வெள்ளி

அரிசியில் கல் பொறுக்கிக்கொண்டிருந்தேன். கோகிலாக்கா மேலே வந்தார். உட்காருங்கள் என்றேன், உட்காரவில்லை.

"டீச்சர், எம் பையன் எதுக்கு வாயைப் பொத்தோணும்?"

"நாடகத்துல அக்கா. சீட்டுல அவனுக்கு..."

"நேத்து அவங்கப்பா வண்டிய நிறுத்துனதும் ஓடிப் போய்ச் செடிக்குள்ள நின்னுக்கிட்டு வாயைப் பொத்தறான். தோட்டத்து ஆளுங்க நாலு பேரு பாத்துட்டு நிக்கறாங்க. ஒருத்தன் சிரிச்சுப்போட்டான். அவரு மொகத்தை எங்க கொண்டுபோய் வெப்பாரு?"

"விளையாட்டுதானே அக்கா. நானாக் குடுக்கலை. சீட்டு."

"இதுக்கெல்லாமா சீட்டுப் போடுவாங்க? யாருக்கு என்னன்னு உங்களுக்குத் தெரியாதுங்களா?"

"எல்லாரும் பிள்ளைங்கதானே."

"பிள்ளைங்கதான். யாரூட்டுப் பிள்ளைங்கன்னு ஒண்ணு இருக்குதில்ல? எங்க மாமனார் முன்னால இந்த ஊரே அப்படி நின்னுச்சு. இப்ப நாங்க நிக்கோணுமா, நாடகத்துக்காக?"

இந்த ஊரில் எவ்வளவு சண்டை போட்டாலும் 'வர்றனுங்க' என்று சொல்லாமல் படி இறங்க மாட்டார்கள். சொல்லாமல் இறங்கினார்.

ஜனவரி 20, சனி

காலையில் கேட்டருகே பார்த்தேன். "சாப்பிட்டாச்சா அக்கா?" என்றேன். பக்கத்தில் நின்ற தென்னை மரத்தைப் பார்த்து "ம்" என்றார். மாடிக்குத் தண்ணீர் ஏற்றும் மோட்டாரைப் போடவில்லை.

ஜனவரி 21, ஞாயிறு

இன்றும் மோட்டார் இல்லை. தெருமுனைக் குழாயில் ஐந்து குடம். எழிலுக்கு நூற்றியொன்று காய்ச்சல்.

ஜனவரி 22, திங்கள்

குணாளனிடம் போனில் சொன்னேன். "மாத்திக் குடுத்துரு அமுதா. நாடகம்தானே. அஞ்சாவது வீடு தேட என்கிட்ட தெம்பு இல்ல" என்றார்.

"நானும்தான் தேடினேன் நாலு வீட்டை" என்றேன்.

"தேடின. கேள்விக்கு பதில் சொன்னது யாரு? ஒவ்வொரு வீட்டு வாசல்லயும் நின்னு, சொந்த ஊரு எது, குலதெய்வம் எது, கறி சாப்பிடுவீங்களான்னு கேட்டதுக்கெல்லாம் இளிச்சுக்கிட்டு பதில் சொன்னது நான்."

போனை வைத்துவிட்டார். எங்களுக்குள் இப்படிச் சண்டை வருவதில்லை. மோட்டார் ஓடாததால் வருகிறது.

ஜனவரி 24, புதன்

கோகிலாக்கா மறுபடியும் வந்தார். இன்று உட்கார்ந்தார். ஆனால் பேச்சில் அந்த 'ங்க' இல்லை.

"பாரு டீச்சர், நான் கெட்டவ இல்ல. அவன் அந்தத் தலைவரு வேஷம் போடட்டும். விழா முடியட்டும். தை முடியறதுக்குள்ள உக்காந்து அக்ரிமெண்டு போட்டுக்கலாம்."

"ஏழாவது காட்சியையே எடுத்துடறேன் அக்கா. யாருக்கும் சங்கடம் வேணாம்."

அவர் சிரித்தார். "எடுத்துப்போட்டா? யாரும் ஒதுங்கலீன்னா அவன் பெரிய ஆளுன்னு பாக்கறவங்களுக்கு எப்படித் தெரியும்?"

சௌந்தரா, நாம் இரண்டு வருடம் விழுந்து விழுந்து படித்ததை அவர் ஒரு மூச்சில் சொல்லிவிட்டார். சரி அக்கா என்றேன். ஐந்தே நிமிடத்தில் மோட்டார் ஓடியது.

ஜனவரி 25, வியாழன்

தைப்பூச விடுமுறை. நாள் முழுக்கப் போன்தான். வயலாள் வேஷத்துக்கு எந்த வீட்டிலும் பிள்ளையை விட மாட்டேன் என்கிறார்கள். தருணேஷுக்கு வேஷத்தை ஏன் மாற்றினேன் என்பது எல்லோருக்கும் அதற்குள் தெரிந்துவிட்டது.

"அவங்க பையனுக்கு ஆகாதது எங்க பையனுக்கு ஆகுமா மிஸ்?"

"எம் பொண்ணு தண்ணிக்குடமே தூக்கட்டும், விடுங்க."

ஒரு அப்பா ஒன்றுமே சொல்லவில்லை. 'என் மகனிடமா கேட்கிறாய், ஏன்?' என்கிற மாதிரி ஒரு மௌனம். அந்த மௌனம் எனக்குப் புரிந்தது. அவசரமாகப் போனை வைத்தேன்.

சாயங்காலம் எழிலைக் கூப்பிட்டு, நாடகத்தில் நடிக்கிறாயா என்றேன். ஐந்தாம் வகுப்பு அண்ணன்களோடா என்று குதித்தாள். வேறு வழி இல்லை. ஆறு வயதுப் பிள்ளைக்கு இதெல்லாம் என்ன தெரியப் போகிறது.

ஜனவரி 29, திங்கள்

தருணேஷ் இடைவேளையில் வந்து நின்றான்.

"எனக்குப் பழைய வேஷமே வேணும் மிஸ். தலைவருக்கு ஒண்ணுமே இல்ல. சும்மா நடக்கறாரு."

"அம்மாகிட்டச் சொன்னியா?"

"சொன்னா அடிப்பாங்க."

"அப்ப நட."

மாலையில் கோகிலாக்கா ஒரு தட்டில் கச்சாயமும், அதற்குக் கீழே ஒரு பேப்பரும் கொண்டுவந்தார். டைப் செய்த அக்ரிமெண்டு. ஒரு வருடத்துக்கு இல்லை, மூன்று வருடத்துக்கு! "சாப்பிட்டுப் பாத்துச் சொல்லுங்க டீச்சர். விழா முடிஞ்ச மறுநாள் கையெழுத்துப் போட்டுக்கலாமுங்க. வர்றனுங்க."

'ங்க' திரும்பி வந்துவிட்டது. கச்சாயம் நன்றாகத்தான் இருந்தது. மூன்று தின்றேன்.

பிப்ரவரி 3, சனி

எழில் கண்ணாடி முன்னால் பழகுகிறாள். என் துண்டைத் தோளில் போட்டு, எடுத்து, கக்கத்தில் இடுக்கி, வாயில் கை. ஒரு நாளைக்கு இருபது தடவை. "சரியா இருக்காம்மா?" சரியாகத்தான் இருக்கிறது.

அப்பா போன் செய்தார். "பாப்பா நாடகம் ஆடுதாமுல்ல? வந்து பாக்குறன் தாயி."

"வேணாம்பா. ரெண்டு பஸ் மாறணும். உங்களுக்கு அலைச்சல் ஒத்துக்காது."

அப்பா தினமும் எட்டு மைல் நடக்கிறவர். "சரி தாயி" என்றார். மூன்று வருடமாக எதற்கும் 'சரி தாயி'தான்.

பிப்ரவரி 7, புதன்

எழுதக் கை வரவில்லை. ஆனாலும் எழுதிவிடுகிறேன்.

பள்ளி விட்டு எழிலோடு வந்தேன். கேட்டுக்குள் அப்பா நிற்கிறார். சொல்லாமல் வந்துவிட்டார். கையில் துணிப்பை, அதில் உளுந்து. அதே நேரம் கோகிலாக்கா வாசற்படியில். பட்டுச்சேலை, எங்கோ விசேஷத்துக்குக் கிளம்பியிருந்தார். என்னையும் அப்பாவையும் மாறி மாறிப் பார்த்துவிட்டு, முகம் மலர்ந்து கூப்பிட்டார்.

"டீச்சரோட அப்பாங்களா? வாங்கய்யா, வாங்க வாங்க. எத்தனை மணிக்கு பஸ் ஏறுனீங்க? உள்ள வந்து தண்ணி குடிங்க."

இந்த வீட்டில் யாரும் எங்களுக்கு அவ்வளவு நல்ல வார்த்தை சொன்னதில்லை. அது மாயவரத்து விவசாயிக்குச் சொன்னது. அப்பா காதில் வார்த்தை விழவில்லை. அவர் பார்த்தது படிமேல் நின்ற பட்டுச்சேலையை, கழுத்துச் சங்கிலியை, அந்த நிற்பை. சிமெண்டுப் பாதையை விட்டுக் குரோட்டன்ஸ் தொட்டிப் பக்கம் மண்ணில் இறங்கினார். துண்டு கக்கத்துக்குப் போனது. முதுகு வளைந்தது. கை வாய்க்குப் போனது.

"கும்புடுறனுங்க ஆண்டே. நல்லாருக்கிங்களா."

நாடகத்தில் நான் கையை வாயோடு ஒட்டி வைக்கச் சொல்லியிருந்தேன். அப்பாவின் கை ஒட்டவில்லை. ஒரு விரற்கடை தள்ளி, விரல்கள் உள்பக்கமாக வளைந்து, மூச்சு எதிரே போகாமல் தன் பக்கமே திரும்புகிற மாதிரி இருந்தது.

எழில் கைதட்டினாள். "அம்மா! தாத்தா என் காட்சியைச் செய்யறாரு! என்னைவிட நல்லா செய்யறாரு! தாத்தா, உங்களுக்கு யாரு மிஸ்?"

கோகிலாக்கா அப்பாவைப் பார்க்கவில்லை. என்னைப் பார்த்தார்.

"எத்தனை ஏக்கருன்னு சொன்ன?"

பிப்ரவரி 8, வியாழன்

காலையில் பால் வாங்க இறங்கினேன். கோலத்திலிருந்து நிமிராமலே சொன்னார். "மாசக் கடைசிக்குள்ள காலி பண்ணிரு. கோயமுத்தூர்ல இருந்து சொந்தக்காரங்க வர்றாங்க. அந்தப் பேப்பரக் கொண்டா."

கொண்டுபோய்க் கொடுத்தேன். என் கையிலிருந்து வாங்கவில்லை. மதில்மேல் வைக்கச் சொன்னார்.

மேலே அப்பா உளுந்தைப் புடைத்துக்கொண்டிருந்தார். "என்னாலதான் தாயி. நான் என்னா பண்ணுவன், கையி அதுவாப் போயிருது."

"விடுங்கப்பா."

"பாப்பாவுக்கு அந்த வேசத்த யாரு குடுத்தது?"

"நான்தான்."

முறத்தைக் கீழே வைத்தார். "நான் அப்புடி நின்னது, நீ பெஞ்சுல உக்காந்து படிக்கணும்னு. பாப்பா எதுக்கு நிக்கிது?"

வீட்டுக்காக என்று சொல்ல வாயெடுத்தேன். அந்த வீடும் இப்போது இல்லை.

பிப்ரவரி 10, சனி

நேற்று ஆண்டு விழா.

காலையில் எழிலுக்குத் தலைபின்னும்போது சொன்னேன். "பாப்பா, தருணேஷ் அண்ணன் வந்தா ஒதுங்காத. கையைக் கீழ வச்சுக்க. நடுவுலயே நில்லு."

"தப்பாயிருமேம்மா."

"ஆகட்டும்."

"மிஸ் திட்டுவாங்க."

"நான்தான்டி மிஸ்."

அப்பாவை நாற்காலியில் உட்கார வைத்தேன். கடைசி வரிசை, நுனியில் உட்கார்ந்தார். முதல் வரிசையில் கோகிலாக்காவும் அவர் வீட்டுக்காரரும், சுற்றத்தில் ஆறேழு பேரும்.

ஆறு சந்திப்புகள் நன்றாகப் போயின. ஏழாவதுக்கு எழில் போய் நின்றாள். சேற்றுக்காகக் காவித் துணி விரித்திருந்தோம். அதில் இறங்காமல், மேடை நடுவில், குச்சிக் கால்களோடு நின்றாள். எதிரே தருணேஷ் பட்டுத் துண்டும் ஜரிகைத் தலைப்பாகையுமாக வந்தான். அவள் நகரவில்லை. பக்கத்தில் வந்து கிசுகிசுத்தான். மைக்கில் எல்லோருக்கும் கேட்டது.

"ஏய், ஒதுங்கு."

"அம்மா வேணாம்னாங்க."

கூட்டம் சிரித்தது. அவன் மேடை ஓரத்தில் நின்ற என்னைப் பார்த்தான். என் முகத்தில் என்ன கண்டானோ தெரியாது. நான் தலையசைக்கவில்லை, சத்தியமாக. அவனுக்கு அந்தக் காட்சி மனப்பாடம், யாராவது ஒருவர் ஒதுங்கினால்தான் காட்சி முடியும் என்று தெரியும். இரண்டடி பின்னால் போனான். காவித் துணியில் குதித்தான். தன் பழைய தடுமாற்றத்தையும் விடாமல் செய்தான். பட்டுத் துண்டைக் கக்கத்தில் இடுக்கினான். தலைப்பாகையோடு குனிந்து, வாயைப் புதைத்து, கணீரென்று சொன்னான்.

"அடியேன், வழி விட்டேன்."

எழில் ஒரு வார்த்தை பேசாமல் அவனைத் தாண்டி நடந்து போனாள்.

பின்வரிசைப் பிள்ளைகள் விசிலடித்தார்கள். முன்வரிசை அசையவில்லை. அப்பா எழுந்து நின்றுவிட்டார். கைதட்டவில்லை, சும்மா நின்றார்.

திரைக்குப் பின்னால் நான் போவதற்குள் கோகிலாக்கா அங்கே போய்ச் சேர்ந்துவிட்டார். பையன் கன்னத்தில் ஐந்து விரலும் பதிந்திருந்தன. அவன் அழவில்லை. "ஏன் மிஸ், நல்லாத்தானே செஞ்சேன்?" என்றான்.

"நல்லா செஞ்சே தம்பி."

"எம் பையனை எவ முன்னாலடி குனிய வெச்சே?" என்றார் கோகிலாக்கா. அத்தனை பேர் முன்னால், டி போட்டு. "மூணு வருச அக்ரிமெண்டுக்கு நாக்கைத் தொங்கப் போட்டுட்டு நின்னவ நீ."

அது பொய்யில்லை. ஜெசிந்தா மேடம் திங்கட்கிழமை எழுத்தில் விளக்கம் கொண்டுவரச் சொன்னார். என்ன விளக்கம் எழுதுவது?

விளக்கம் உனக்கு எழுதுகிறேன். வீட்டைக் காப்பாற்ற என் மகளை வாய் பொத்தி நிற்க வைத்தேன். வீடு போன பிறகு, கோபத்தைத் தீர்த்துக்கொள்ள அவளை நடுவில் நிறுத்தினேன். இரண்டு தடவையும் எதற்கென்று சொல்லி அவளைக் கேட்கவில்லை. கடைசியில் அடி வாங்கியது இன்னொருத்தி பெற்ற பிள்ளை.

பிப்ரவரி 11, ஞாயிறு

தண்ணீர் இல்லை. பகலில் கரண்டும் இல்லை, எங்கள் மாடிக்கு மட்டும். குணாளன் காலையில் வந்தார். நான் சொன்னதையெல்லாம் கேட்டுவிட்டு, சண்டை போடாமல், அட்டைப் பெட்டி வாங்கிவரக் கடைக்குப் போனார். அவர் திட்டியிருந்தால் தேவலாம். தருணேஷ் கீழே சைக்கிள் ஓட்டிக்கொண்டிருந்தான். எழில் மாடியிலிருந்து கையாட்டினாள். அவன் சுற்றிலும் பார்த்துவிட்டு உள்ளே போய்விட்டான்.

சௌந்தரா, நீ என்னிடம் ஒருநாளும் கேட்டதில்லை. விடுதியில் இரண்டு வருடம் என் தட்டிலிருந்து எடுத்துச் சாப்பிட்டாய். தெரிந்துதான் சாப்பிட்டாயா, தெரியாமலா என்று நானும் கேட்டதில்லை. தெரியாது என்று நீ சொல்லிவிடுவாயோ என்று பயம். எங்கள் அப்பாவுக்கு ஒரு சென்ட் நிலமும் கிடையாது. மற்றவர்கள் வயலில் நாற்பது வருடம் வேலை செய்தார். எங்கள் தெரு ஊருக்கு வெளியே, வாய்க்காலுக்கு அந்தப் பக்கம். உனக்குச் சொன்ன எங்கள் ஊர் அக்ரகாரத்துக் கதைகளெல்லாம் நான் வழியில் நின்று பார்த்தவை. ஏழாவது சந்திப்பைப் புத்தகத்திலிருந்து எடுத்தேன் என்று மேடத்திடம் சொன்னதும் அப்படித்தான், அதுவும் நான் பார்த்ததே.

இந்த ஊரில் உன் அத்தை வீட்டு மாடி காலியாக இருக்கிறது என்று கடைசிப் பக்கத்தில் எழுதியிருந்தாய். எங்களுக்குக் கிடைக்குமா என்று அவரிடம் கேள். கேட்கும்போது நாங்கள் யார் என்பதை முதலிலேயே சொல்லிவிடு, இந்தப் பக்கத்தையே அவரிடம் படித்துக் காட்டினாலும் சரி. அப்பா வருவார், அடிக்கடி வருவார் என்பதையும் சொல். இனி நான் அவரைத் தடுக்கப் போவதில்லை. அத்தைக்கு இஷ்டமில்லை என்றால் நயமான காரணம் தேட வேண்டாம். இல்லை என்று மட்டும் எழுது, தாங்கிக்கொள்வேன். நீ எனக்குப் பதில் எழுதாமல் இருப்பதைத்தான் தாங்க முடியாது.

நோட்டை நாளைக் காலைத் தபாலில் சேர்க்கிறேன். மாதக் கடைசிக்கு இன்னும் பதினெட்டு நாள். சீக்கிரம் பதில் போடு.

அமுதவல்லி